கூட்டுறவு சங்கக் கடன்: 12 வருஷம் தாண்டினா தீர்ப்பு செல்லாதா? காலக்கெடு கணக்கு இதுதான்

உதாரணத்துக்கு ஒரு ரிட்டயர்டு டீச்சரை எடுத்துக்கொள்வோம். கூட வேலை பார்த்தவர் 2009-ல் கூட்டுறவு சங்கத்தில் கடன் வாங்கியபோது ஜாமீன் கையெழுத்து போட்டவர். கடன் வாங்கியவர் தவணை கட்டவில்லை. சங்கம் தாவா போட்டது. கடன்தாரரும் ஜாமீன்தாரரும் பணத்தைக் கட்ட வேண்டும் என்று 2012 ஜூன் 10-ம் தேதி தீர்ப்பாணை வந்தது. அதன் பிறகு சத்தமே இல்லை. 2019-ல் சங்கத்திலிருந்து ஆள் வந்து கேட்டபோது, தொல்லை விட்டால் போதும் என்று ஐயாயிரம் ரூபாய் கட்டினார். 2025 செப்டம்பரில் திடீரென்று கோர்ட் நோட்டீஸ் வருகிறது.

தெருவில் எல்லோரும் சொல்வது ஒன்றுதான்: "பன்னெண்டு வருஷம் தாண்டிருச்சு டீச்சர். இனிமே அவங்களால ஒண்ணும் பண்ண முடியாது." சங்கத்தில் போய்க் கேட்டால் அங்கே வேறு கணக்கு: "2019-ல பணம் கட்டினீங்கல்ல டீச்சர்? அன்னையிலேருந்து புதுசா பன்னெண்டு வருஷம்."

இரண்டு கணக்குமே தப்பு. ஆனால் கேஸ் இன்னும் உயிரோடுதான் இருக்கிறது. எப்படி?

முதலில், இது எந்த மாதிரி தீர்ப்பு?

கூட்டுறவு சங்கத்துக்கும் அதன் உறுப்பினருக்கும் இடையே வரும் பணத் தகராறு, சாதாரண சிவில் கோர்ட்டில் ஆரம்பிப்பதில்லை. கூட்டுறவு சட்டமே அதற்குத் தனிப் பாதை போட்டு வைத்திருக்கிறது. தமிழ்நாட்டில் 1983-ம் ஆண்டு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் பிரிவு 90. கேரளாவில் பிரிவு 69, கர்நாடகாவில் பிரிவு 70, மகாராஷ்டிராவில் பிரிவு 91. ஒன்றுக்கு மேற்பட்ட மாநிலங்களில் இயங்கும் சங்கம் என்றால், மத்திய அரசின் 2002-ம் ஆண்டு பல மாநிலக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் பிரிவு 84. விசாரிப்பவர் பதிவாளராகவோ, அவர் அனுப்பும் அதிகாரியாகவோ, நடுவராகவோ இருக்கலாம். மகாராஷ்டிராவில் இதற்கென்றே கூட்டுறவு நீதிமன்றங்கள் இருக்கின்றன.

இவர்கள் கொடுக்கும் தீர்ப்பாணையை கையில் வைத்துக்கொண்டு சங்கம் நேராகப் போய் வீட்டை ஜப்தி செய்துவிட முடியாது. அதை அமல்படுத்த தனியாக நிறைவேற்று மனு போட வேண்டும். கோர்ட் வட்டாரத்தில் 'இ.பி.' என்று சொல்வது இதைத்தான். தாவாவில் ஜெயிப்பது ஒரு கட்டம். பணம் கைக்கு வருவது வேறு கட்டம். காலக்கெடு சிக்கல் எல்லாம் இந்த இரண்டாவது கட்டத்தில்தான்.

12 வருஷமா, 3 வருஷமா?

1963-ம் ஆண்டு காலவரையறைச் சட்டத்தின் அட்டவணையில் 136-வது ஷரத்து சொல்வது இது: சிவில் நீதிமன்றத்தின் தீர்ப்பாணையை நிறைவேற்றக் கோரும் மனுவை, அந்தத் தீர்ப்பாணை அமலுக்கு வரக்கூடிய நாளிலிருந்து 12 வருஷத்துக்குள் போட வேண்டும். அடுத்த ஷரத்தான 137, வேறு எந்த இடத்திலும் காலக்கெடு சொல்லப்படாத மனுக்களுக்கு 3 வருஷம்தான் கொடுக்கிறது.

சரி, பதிவாளரோ நடுவரோ கொடுத்தது 'சிவில் நீதிமன்றத் தீர்ப்பாணை' ஆகுமா? நேராகப் பார்த்தால் ஆகாது. அதனால்தான் சட்டங்கள் ஒரு கற்பனையைச் செய்துகொள்கின்றன: அமல்படுத்தும் வேலைக்கு மட்டும் இதை சிவில் கோர்ட் தீர்ப்பாணை போலவே பாவிக்க வேண்டும். இந்தக் கற்பனைக்கு எல்லை உண்டு. நடுவர் தீர்ப்பை வைத்து ஒருவரை திவாலானவராக அறிவிக்கக் கேட்க முடியுமா என்ற கேள்வி வந்தபோது, முடியாது, அது அமலாக்கத்துக்காக மட்டுமே தீர்ப்பாணை மாதிரி என்று 2006-ல் பரம்ஜீத் சிங் பதேஜா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது.

அமலாக்கம் என்ற எல்லைக்குள் வந்துவிட்டால் 12 வருஷக் கணக்குதான். வெளிநாட்டு நடுவர் தீர்ப்புக்கு மட்டும் கதை வேறு. அதற்கு 137-வது ஷரத்து, அதாவது 3 வருஷம் என்று 2020-ல் வேதாந்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் முடிவு செய்தது. நம் ஊர் சங்கத் தாவாவுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. இருந்தாலும் 'மூணு வருஷம்தான்' என்று யாராவது அடித்துச் சொன்னால், பெரும்பாலும் இந்தக் குழப்பத்திலிருந்தோ, இல்லை ஒரு பழைய சட்டத்திலிருந்தோ வந்த பேச்சாக இருக்கும்.

அந்தப் பழைய சட்டக் கதை சுவாரஸ்யமானது. 1908-ம் ஆண்டு காலவரையறைச் சட்டத்தின் 182-வது ஷரத்து நிறைவேற்று மனுவுக்கு 3 வருஷம்தான் கொடுத்தது. ஆனால் ஒவ்வொரு முறையும் ஒரு மனு, ஒரு 'துணை நடவடிக்கை' என்று ஏதாவது செய்தால், அங்கிருந்து இன்னொரு 3 வருஷம். இப்படி நீட்டிக்கொண்டே போகலாம். கடைசி எல்லை, சி.பி.சி. பிரிவு 48 சொன்ன 12 வருஷம். விளைவு என்ன? பணத்தை வசூலிக்க அல்ல, கேஸை உயிரோடு வைத்திருக்க மட்டுமே மூன்று வருஷத்துக்கு ஒரு மனு போடுவது வழக்கமாகிப் போனது. எந்த நடவடிக்கை கணக்கில் வரும், எது வராது என்பதற்கே தனித்தனி வழக்குகள். 1956-ல் வந்த சட்ட ஆணையத்தின் மூன்றாவது அறிக்கை இந்தச் சட்டத்தை முழுசாக அலசியது. 1964 ஜனவரி 1 முதல் புதுச் சட்டம் அமலுக்கு வந்தபோது இந்த மூன்று வருஷ விளையாட்டு போய், ஒரே 12 வருஷம் வந்தது. பிரிவு 48-ம் நீக்கப்பட்டது.

கூட்டுறவு சட்டங்களில் மட்டும் அந்த வாசனை இன்னும் போகவில்லை. மகாராஷ்டிரா சட்டத்தின் பிரிவு 156, வசூல் நடவடிக்கை எடுக்கும் பதிவாளரை, காலக்கெடு கணக்குக்காக ஒரு சிவில் கோர்ட்டாகவே பாவிக்கச் சொல்கிறது. பல மாநிலச் சங்கங்கள் சட்டத்திலும், 136-வது ஷரத்தைக் குறிப்பிட்டு இதே போன்ற பிரிவு இருக்கிறது. இது வெறும் சம்பிரதாயம் இல்லை. காலவரையறைச் சட்டம் பொதுவாக நீதிமன்றங்களைத்தான் கட்டுப்படுத்தும். அதிகாரி ஒருவர் அலுவலகத்தில் உட்கார்ந்து போடும் ஜப்தி உத்தரவுக்கு அந்தச் சட்டம் எப்படிப் பொருந்தும் என்ற கேள்விக்கு, இந்த ஒரு பிரிவுதான் பதில்.

கடிகாரம் எப்போது ஓட ஆரம்பிக்கும்?

பெரும்பாலான இ.பி.க்கள் தடுக்கி விழும் இடம் இது. தீர்ப்பாணை 'அமலுக்கு வரக்கூடிய' நாள் என்கிறது சட்டம். சாதாரணமாக அது தீர்ப்பு சொன்ன தேதிதான். நகல் கைக்கு வந்த தேதி இல்லை. தீர்ப்பாணையை அலுவலகத்தில் எழுதி முடித்து கையெழுத்து போட்ட தேதியும் இல்லை என்று 1999-ல் மேற்கு வங்க அத்தியாவசியப் பொருட்கள் வழங்கல் கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பாகப்பிரிவினை வழக்குகளில் முத்திரைத்தாள் கொடுக்கத் தாமதமானாலும் கடிகாரம் நிற்காது. தமிழ்நாட்டிலிருந்து போன ஹமீது ஜோஹரான் வழக்கில் 2001-ல் இப்படித் தீர்ப்பானது.

சில கூட்டுறவு சட்டங்களில், பதிவாளர் ஒரு சான்றிதழ் கொடுத்த பிறகுதான் தீர்ப்பாணையை சிவில் கோர்ட்டுக்குக் கொண்டுபோக முடியும். அந்தச் சான்றிதழ் வாங்க நாலு வருஷம் ஆனால்? அந்த நாலு வருஷம் தனி என்று சங்கம் நம்பிக்கொண்டிருப்பது ஆபத்தான சூதாட்டம். தீர்ப்பாணை தேதியிலிருந்தே கணக்கு போடுவதுதான் புத்திசாலித்தனம்.

மேல்முறையீடு போயிருந்தால் கணக்கு மாறும். மேல்முறையீட்டை முழுசாக விசாரித்து, கீழே சொன்னதே சரி என்று தள்ளுபடி செய்திருந்தாலும், பழைய தீர்ப்பாணை மேல்முறையீட்டுத் தீர்ப்பில் கரைந்துவிடும். கடிகாரம் அந்தப் புதிய தேதியிலிருந்து ஓடும். ஆனால் மேல்முறையீடே தாமதமாக வந்தது, தாமதத்தை மன்னிக்க முடியாது என்று வாசலிலேயே திருப்பி அனுப்பியிருந்தால், அது தீர்ப்பாணை ஆகாது. பழைய தேதிதான் நிற்கும். ரத்தன்சிங் எதிர் விஜய்சிங் வழக்கில் 2001-ல் நடந்தது இதுதான். மேல்முறையீட்டு முடிவை நம்பிக் காத்திருந்தவருக்கு 12 வருஷம் ஓடியே போயிருந்தது.

தவணையில் கட்டச் சொன்ன தீர்ப்பாணை என்றால் ஒவ்வொரு தவணைக்கும் ஒரு கடிகாரம். எந்தத் தவணை தவறியதோ அன்றிலிருந்து அந்தத் தொகைக்கு 12 வருஷம். கூட்டுறவுத் தீர்ப்பாணைகளில் தவணை கொடுப்பது புதிதல்ல. எனவே தீர்ப்பின் கடைசிப் பத்தியை ஒரு முறை நிதானமாகப் படிப்பது, சங்கத்துக்கும் நல்லது, ஜாமீன்தாரருக்கும் நல்லது.

நடுவில் ஸ்டே இருந்ததா? காலவரையறைச் சட்டத்தின் பிரிவு 15 படி, தடை உத்தரவு அமலில் இருந்த நாட்களைக் கழித்துவிட வேண்டும். ஸ்டே மனு போட்டிருந்தது மட்டும் போதாது, உத்தரவு வந்திருக்க வேண்டும்.

ஐயாயிரம் கட்டினால் கணக்கு புதுப்பிக்கப்படுமா?

சங்கத்தில் சொன்ன கணக்கு இதுதான். ரொம்ப பேர் நம்புகிற கணக்கும்கூட. பாதி உண்மை இருப்பதால்தான் நம்புகிறார்கள்.

கடன் வெறும் கடனாக இருக்கும் வரை அது சரி. காலக்கெடு முடிவதற்குள் கடனை எழுத்தில் ஒப்புக்கொண்டாலோ, ஒரு பகுதியைக் கட்டி அதற்கு எழுத்துப்பூர்வ பதிவு இருந்தாலோ, பிரிவுகள் 18, 19-ன் கீழ் காலக்கெடு புதிதாக ஆரம்பிக்கும். வங்கிகளும் சங்கங்களும் வருஷா வருஷம் ஒப்புதல் கடிதத்தில் கையெழுத்து வாங்குவது இதற்காகத்தான்.

தீர்ப்பாணை வந்துவிட்டால் கதை மாறுகிறது. பிரிவு 18-ன் விளக்கத்திலேயே, தீர்ப்பாணையை நிறைவேற்றக் கோரும் மனு இந்தச் சலுகைக்குள் வராது என்று எழுதியிருக்கிறது. பிரிவு 19-ன் விளக்கம் இன்னும் நேரடி: 'கடன்' என்றால் அதில் நீதிமன்றத் தீர்ப்பாணைப்படி கட்ட வேண்டிய பணம் சேராது. ஆக, தீர்ப்பாணையைக் கோர்ட் தீர்ப்பு மாதிரியே பாவித்து 12 வருஷம் வாங்கிக்கொள்கிற சங்கம், அதே பாவனையின் இந்தப் பக்கத்தையும் ஏற்றுக்கொள்ளத்தான் வேண்டும். டீச்சர் கட்டிய ஐயாயிரம் பாக்கியில் கழியும். 12 வருஷத்தை அது ஒரு நாள்கூட நீட்டாது.

அப்படின்னா 2024-லேயே முடிஞ்சிருக்கணுமே?

2012 ஜூன் 10-ல் ஆரம்பித்த 12 வருஷம் 2024 ஜூன் 10-ல் முடிகிறது. தெருவில் சொன்ன கணக்கு இதுதான். அவர்கள் மறந்தது கொரோனாவை.

பொதுமுடக்கத்தால் யாரும் கோர்ட்டுக்கு வர முடியாத நிலையில், உச்ச நீதிமன்றம் தானாக முன்வந்து எடுத்த வழக்கில், 2020 மார்ச் 15 முதல் 2022 பிப்ரவரி 28 வரையிலான காலத்தை எல்லா காலக்கெடு கணக்கிலிருந்தும் கழிக்கச் சொன்னது. நீதிமன்றம் மட்டுமல்ல, நீதிமன்றம் போல விசாரிக்கும் அதிகாரிகள் முன்புள்ள நடவடிக்கைகளுக்கும் இது பொருந்தும். எண்ணிப் பார்த்தால் 716 நாள்.

அந்தக் காலத்துக்குள் காலக்கெடு முடிந்தவர்களுக்கு மட்டும்தானே இந்தச் சலுகை என்று ஒரு வாதம் இருந்தது. 2024-ல் ஆரிஃப் அஸீம் எதிர் ஆப்டெக் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதற்கும் பதில் சொன்னது: 2020 மார்ச் 15 அன்று மிச்சமிருந்த காலம் அப்படியே 2022 மார்ச் 1-லிருந்து மறுபடி ஓடத் தொடங்கும். அதன்படி 2024 ஜூன் 10-உடன் 716 நாளைக் கூட்டினால், டீச்சர் மீதான தீர்ப்பாணையின் ஆயுள் 2026 மே கடைசி வாரம் வரை நீள்கிறது.

2020 மார்ச்சுக்கு முன் தீர்ப்பாணை வாங்கி, அன்றைக்கு காலக்கெடு முடியாமல் இருந்த எல்லோருக்கும் இந்த 716 நாள் உண்டு. 12 வருஷத்தோடு கிட்டத்தட்ட இரண்டு வருஷம் சேர்த்துத்தான் எண்ண வேண்டும். பழைய தீர்ப்பாணைகளில் இன்றைக்கு அதிகம் தப்பாகப் போடப்படும் கணக்கு இதுவாகத்தான் இருக்கும்.

ஒரு நாள் லேட் ஆனா?

போச்சு. மேல்முறையீட்டில் தாமதமானால் காரணம் சொல்லி மன்னிப்புக் கேட்க பிரிவு 5 இருக்கிறது. ஆனால் அந்தப் பிரிவு, சி.பி.சி. ஆர்டர் 21-ன் கீழ் வரும் மனுக்களுக்குப் பொருந்தாது என்று தன் வாசகத்திலேயே சொல்லிவிடுகிறது. நிறைவேற்று மனு வருவது அந்த ஆர்டர் 21-ன் கீழ்தான். செயலாளர் மாறினார், ஃபைல் தொலைந்தது, நிர்வாகக் குழு கலைந்தது என்ற எந்தக் காரணமும் எடுபடாது. எதிர்த்தரப்பு கேட்காவிட்டாலும், காலம் கடந்த மனுவை நீதிமன்றமே தள்ளுபடி செய்ய வேண்டும் என்கிறது பிரிவு 3.

ஒரே ஒரு சின்ன ஜன்னல் உண்டு. பணம் கட்ட வேண்டியவர் மோசடி செய்தோ பலத்தைக் காட்டியோ அமலாக்கத்தைத் தடுத்திருந்தால், பிரிவு 17-ன் கீழ் நீட்டிப்பு கேட்கலாம். அதையும் மோசடி தெரியவந்த ஒரு வருஷத்துக்குள் கேட்க வேண்டும்.

பல மாநில சங்கம் என்றால்

இங்கே பாதை கொஞ்சம் வேறு. பிரிவு 84-ன் கீழ் வரும் தாவாவுக்கு 1996-ம் ஆண்டு நடுவர் மற்றும் சமரசச் சட்டம் பொருந்தும். நடுவர் தீர்ப்பு கையில் கிடைத்த 3 மாதத்துக்குள் அதை எதிர்த்து மனு போடலாம். தக்க காரணம் இருந்தால் கூடுதலாக 30 நாள், அதற்கு மேல் ஒரு நாளும் இல்லை. அந்தக் காலம் முடிந்ததும் பிரிவு 36-ன் கீழ் தீர்ப்பு அமலுக்கு வரும்.

முன்பெல்லாம் எதிர்த்து ஒரு மனு போட்டாலே தானாக ஸ்டே மாதிரி ஆகிவிடும். 2015 அக்டோபர் 23 முதல் அமலான திருத்தம் அதை மாற்றியது. இப்போது தனியாகக் கேட்டு தடை உத்தரவு வாங்க வேண்டும். எனவே 'எதிர்த்தரப்பு கேஸ் போட்டிருக்காங்க, முடியட்டும்' என்று சங்கமோ, சங்கத்துக்கு எதிராக ஜெயித்த டெபாசிட்தாரரோ சும்மா இருந்தால், கடிகாரம் அவர்களுக்காக நிற்காது.

எங்கே போடுவது என்பதிலும் ஒரு வசதி உண்டு. சென்னையைச் சேர்ந்த சுந்தரம் ஃபைனான்ஸ் நிறுவனம், வாகனக் கடன் பாக்கிக்காக வாங்கிய நடுவர் தீர்ப்பை மத்தியப் பிரதேசத்தின் மொரேனாவில் அமல்படுத்தப் போனபோது, முதலில் வேறு கோர்ட்டில் போட்டு மாற்றல் உத்தரவு வாங்கி வா என்று சொல்லப்பட்டது. தேவையில்லை, சொத்து எங்கே இருக்கிறதோ அந்த ஊர் கோர்ட்டிலேயே நேராகப் போடலாம் என்று 2018-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

இன்னொரு வழி, நில வரி பாக்கி மாதிரி கலெக்டர் மூலம் வசூலிப்பது. மகாராஷ்டிரா சட்டத்தின் பிரிவு 98-ல் இதற்கும் 12 வருஷம் என்றே எழுதியிருக்கிறது. கலெக்டர் வழி என்பதால் காலாவதியான கடனுக்கு உயிர் வந்துவிடாது. கேரள வருவாய் வசூல் சட்டம் தொடர்பான கல்யாணிக்குட்டி வழக்கில் 1999-லேயே உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவுபடுத்திவிட்டது.

இதில் ஜாமீன்தாரர்கள் கவனிக்க வேண்டிய ஒரு வினோதமும் இருக்கிறது. மேலே சொன்னதெல்லாம் தீர்ப்பாணை வந்த பிறகான கணக்கு. தாவா போடவே சங்கத்துக்கு எவ்வளவு காலம்? பல மாநிலச் சட்டத்தின் பிரிவு 85 படி, உறுப்பினரிடமிருந்து வர வேண்டிய பணத்துக்கான காலக்கெடு, அவர் இறந்த அல்லது உறுப்பினராக இல்லாமல் போன நாளிலிருந்துதான் எண்ணப்படும். மகாராஷ்டிராவிலும் இதே ஏற்பாடுதான். உறுப்பினராகத் தொடரும் வரை கடிகாரம் ஆரம்பிப்பதே இல்லை! 'மூணு வருஷமா கேக்கவே இல்லையே, கடன் காலாவதி' என்று வங்கிக் கடனில் சொல்லக்கூடிய வாதம் இங்கே எடுபடாது.

மனு போட்ட பிறகு?

12 வருஷம் என்பது மனு போடுவதற்கான கெடு. பணம் வந்து சேர்வதற்கான கெடு அல்ல. கடைசி வாரத்தில் போட்ட மனுகூட, அதன் பிறகு எத்தனை வருஷம் ஆனாலும் நடக்கும். ஆனால் அந்த மனு, ஆஜராகாமல் தள்ளுபடி ஆகிவிட்டால், 30 நாளுக்குள் மீட்க வேண்டும். விட்டுவிட்டு புது மனு போட நினைத்தால், அதற்கும் அதே பழைய 12 வருஷம்தான்.

நிறைவேற்று மனுக்களை 6 மாதத்தில் முடிக்க வேண்டும் என்று 2021-ல் ராகுல் ஷா வழக்கில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. தமிழ்நாட்டிலிருந்து போன பெரியம்மாள் வழக்கில் 2025 மார்ச்சில் அதை மறுபடி வலியுறுத்தி, எல்லா உயர் நீதிமன்றங்களிடமும் கணக்குக் கேட்டது. அக்டோபரில் வந்த கணக்குப்படி, நாடு முழுக்க நிலுவையில் இருந்தவை சுமார் 8.82 லட்சம் நிறைவேற்று மனுக்கள்.

நோட்டீஸ் வந்தவர் செய்ய வேண்டிய முதல் வேலை, தீர்ப்பாணையின் சான்றிட்ட நகலுக்கும் இ.பி. நகலுக்கும் மனு போடுவது. தேதி, தவணை, ஸ்டே, மேல்முறையீடு என்ற நாலு விஷயமும் அங்கேதான் தெரியும். காலக்கெடு தாண்டியிருந்தால் சி.பி.சி. பிரிவு 47-ன் கீழ் அதே கோர்ட்டில் ஆட்சேபிக்கலாம். வட்டி அதிகம், கையெழுத்து என்னுடையது இல்லை என்றெல்லாம் இந்தக் கட்டத்தில் சொல்ல முடியாது. அமல்படுத்தும் நீதிமன்றம் தீர்ப்பாணைக்குப் பின்னால் போய்ப் பார்க்காது.

டீச்சர் அரசுப் பள்ளியில் வேலை பார்த்தவர் என்றால் அவருடைய பென்ஷனை ஜப்தி செய்ய முடியாது, சி.பி.சி. பிரிவு 60 அதைக் காப்பாற்றுகிறது. வீட்டுக்கு அப்படிப்பட்ட பாதுகாப்பு கிடையாது. சங்கம் மனு தாக்கல் செய்தது 2025 ஆகஸ்ட் என்று வைத்துக்கொண்டால், கெடு முடிய இன்னும் ஒன்பது மாதம் இருந்திருக்கிறது.